உயரத்தை அளந்து வையுங்கள்: பெரியவர்களின் முதுகெலும்பையும் இடுப்பையும் காக்கும் வழி

இடுப்பு எலும்பு முறிந்தால் வீடு முழுவதும் அறிந்துவிடும். முதுகெலும்பு முறிந்தால் முறிந்தவருக்கே தெரியாமல் போகலாம். முதுகெலும்பு முறிவுகளில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு மருத்துவரின் பார்வைக்கு வருவதே இல்லை. லாரித் தண்ணீர் பிடித்த குடத்தைத் தூக்கியபோதோ, ஆட்டோவின் பின்னிருக்கையில் அமர்ந்து வேகத்தடை ஒன்றில் குலுங்கியபோதோ எலும்புப்புரை (எலும்பின் அடர்த்தி குறைந்து அது பலவீனமாகும் நோய்) கண்ட முதுகெலும்புக் கட்டை நசுங்கியிருக்கும். வாயுப்பிடிப்பு என்று எண்ணித் தைலம் தேய்த்துக்கொண்டு அவர் படுத்துவிடுவார். அப்படி நசுங்கிய ஓர் எலும்பு, அடுத்த ஓராண்டுக்குள் இன்னொன்று நசுங்குவதற்கும், பின்னாளில் இடுப்பு முறிவதற்கும் உள்ள வாய்ப்பைக் கூட்டுகிறது என்பதால், முதுகு தரும் அந்த எச்சரிக்கையை வீட்டிலேயே கண்டுபிடிப்பதுதான் முதல் வேலை.

உலக அளவில் 50 வயதைக் கடந்த பெண்களில் மூவரில் ஒருவருக்கும், ஆண்களில் ஐவரில் ஒருவருக்கும் எஞ்சிய வாழ்நாளில் எலும்புப்புரையால் ஒரு முறிவாவது நேரும் என்று மதிப்பிடப்படுகிறது. மாதவிடாய் நின்றபின் ஈஸ்ட்ரோஜன் என்ற ஹார்மோன் குறைவதால் பெண்களின் எலும்பு வேகமாகத் தேய்கிறது. அவர்களுக்கு முதுகெலும்பு முறிவுகள் முன்னதாகவும், இடுப்பு முறிவுகள் பெரும்பாலும் 70 வயதை ஒட்டியும் அதற்குப் பின்னும் பெருகுகின்றன. ஆண்களுக்கு எண்ணிக்கை குறைவுதான். ஆனால் இடுப்பு முறிந்தபின் ஓராண்டுக்குள் இறப்போரின் விகிதம் பெண்களைவிட ஆண்களிடையே அதிகம். ஆகவே அம்மாவை மட்டும் பரிசோதனைக்கு அழைத்துச்சென்று அப்பாவை வீட்டில் விட்டுச்செல்லும் நம் வழக்கம் சரியன்று.

முதுகெலும்பு நசுங்கினால் உயரம் குறையும். அதை அளக்கும் முறை எளியது. காலணி இல்லாமல், குதிகால்களும் முதுகும் சுவரில் படும்படி நிற்கவைத்து, தலைமீது ஓர் அட்டையைப் படுக்கையாக வைத்துச் சுவரில் கோடிடுங்கள். பகலில் நடமாட நடமாட உயரம் சிறிது குறையும் என்பதால், ஒவ்வொரு முறையும் காலை வேளையிலேயே அளந்து, தேதியோடு எழுதிவையுங்கள். இளமையில் இருந்த உயரத்தைவிட 4 செ.மீ. அளவுக்குக் குறைந்திருந்தால் முதுகெலும்பை எக்ஸ்-ரே எடுத்துப் பார்க்க வேண்டும். பழைய அளவு இல்லையென்றால் கைகளை இருபுறமும் விரித்து விரல்நுனி முதல் விரல்நுனி வரை அளக்கலாம். அது ஏறத்தாழ இளமைக்கால உயரத்துக்கு நிகராக இருக்கும். நிமிர்ந்து நிற்கும்போது பின்தலை சுவரைத் தொடாதிருப்பதும், கடைசி விலா எலும்புக்கும் இடுப்பு எலும்புக்கும் நடுவே இரண்டு விரல்கூட நுழையாதிருப்பதும் அதே சந்தேகத்தை எழுப்பும் குறிகள். வழக்கமாக உடுத்தும் வேட்டி திடீரெனத் தரையில் புரளத் தொடங்கினால், அதையும் கவனிக்கத் தவறாதீர்கள்.

சந்தேகம் எழுந்தால், எலும்பின் அடர்த்தியை அளக்கும் டெக்சா ஸ்கேன் எடுக்க மருத்துவரிடம் கேளுங்கள். அதில் டி-ஸ்கோர் (நலமான இளவயதினரின் எலும்பு அடர்த்தியோடு ஒப்பிட்டுத் தரும் எண்) மைனஸ் 2.5 அல்லது அதற்கும் கீழே இருந்தால் அது எலும்புப்புரை. ஆனால் இந்த எண் தேறிவிட்டது என்பதால் மட்டும் நிம்மதி அடைய வேண்டாம்: லேசாக விழுந்ததில் முன்பு மணிக்கட்டு முறிந்தது, தாய் அல்லது தந்தைக்கு இடுப்பு முறிந்தது, ஆஸ்துமாவுக்கோ மூட்டுவாதத்துக்கோ நெடுநாள் ஸ்டீராய்டு மாத்திரை உட்கொண்டது, புகை, மது ஆகியவற்றையும் மருத்துவரிடம் மறைக்காமல் சொல்ல வேண்டும். சென்னை கிண்டியில் 2024-இல் திறக்கப்பட்ட தேசிய முதியோர் நல மருத்துவமனை, முதியோருக்கென்றே அமைந்த அரசு மருத்துவமனை என்பதை நினைவில் வையுங்கள். வெயிலுக்குப் பஞ்சமில்லாத சென்னையிலும் வைட்டமின் டி குறைபாடு பரவலாக இருப்பதால் அதையும் பார்க்கச் சொல்லலாம். கேழ்வரகு, பால், தயிர், நெத்திலி ஆகியவற்றில் கால்சியம் உண்டு. எனினும் எலும்புப்புரை உறுதியான பின் கூழ் மட்டும் போதாது, மருந்து தேவைப்படும்.

இடுப்பு முறிவுகளில் பத்தில் ஒன்பதுக்கு மேல் விழுவதால் நேர்பவை, அதிலும் பக்கவாட்டில் விழுவதால். குளியலறையில் கைப்பிடி, ஈரம் தங்காத தரை, படுக்கையிலிருந்து கழிப்பறை வரை இரவு விளக்கு ஆகிய மூன்றுக்கும் ஆகும் செலவு, ஓர் அறுவை சிகிச்சைச் செலவின் முன் அற்பம். தூக்க மாத்திரையையும், எழுந்ததும் தலைசுற்ற வைக்கும் ரத்த அழுத்த மாத்திரையையும் மருத்துவரிடம் காட்டி, தேவையா என்று கேளுங்கள். தாமாக நிறுத்த வேண்டாம்.

விழுந்தவரின் ஒரு கால் குட்டையாகி, பாதம் வெளிப்புறம் திரும்பியிருந்தால் தூக்கி நிறுத்தாமல் 108-ஐ அழையுங்கள். நாட்டுக்கட்டுப் போட்டுக் காத்திருக்கும் முறிவு இதுவன்று; உடல்நிலை இடம்கொடுத்தால் ஓரிரு நாட்களுக்குள் அறுவை சிகிச்சை முடிவது நல்லது. வீடு திரும்புமுன், முறிந்த எலும்பைச் சரிசெய்தவரிடமே மற்ற எலும்புகளை வலுவாக்கும் மருந்து எப்போது தொடங்கும் என்று கேட்டு, டிஸ்சார்ஜ் சீட்டில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.