டைட்டிலில் பெயர் இல்லாத ஹாலிவுட் நடிகையின் படப் பட்டியலைத் தயாரிப்பது எப்படி?

தருமபுரியில் பத்துப் பேர் கூடி ஞாயிறு மாலை ஒரு பழைய ஹாலிவுட் படம் போட்டாலும், விளக்கு எரிந்ததும் ஒரு கேள்வி வரும்: "கிளப்புல உக்காந்து பேசுச்சே, அந்தம்மா யாருங்க?" ஹீரோவின் பெயர் எல்லாருக்கும் தெரியும். அந்தம்மாவின் பெயர் டைட்டிலிலேயே இருக்காது. திரையிடலில் கையில் கொடுக்கும் ஒரு பக்கத் தாளில் அவருடைய படங்களைப் பிழையில்லாமல் போட என்ன செய்யவேண்டும் என்பதை, தெரசா ஹாரிஸை (Theresa Harris) வைத்துப் பார்க்கலாம். 1929 முதல் 1958 வரை நடித்த கறுப்பின நடிகை. பெரும்பாலும் பணிப்பெண் வேடங்கள்.

முதலில் நோட்டில் எட்டுக் கட்டம் போடுங்கள்: படம், ஆண்டு, ஸ்டுடியோ, இயக்குநர், பாத்திரம், டைட்டிலில் பெயர் உண்டா, திரையில் வரும் நிமிடமும் நொடியும், ஆதாரம். பெயரின் ஆங்கில எழுத்துகளையும் மேலே ஒருமுறை எழுதி வையுங்கள். தமிழ் எழுத்தை வைத்து எந்தக் காப்பகத்திலும் தேட முடியாது.

இயக்குநர் கட்டத்தைப் பலர் விட்டுவிடுகிறார்கள். துணை நடிகர் விஷயத்தில் அதுதான் முக்கியம். 'கேட் பீப்பிள்' (1942), 'ஐ வாக்ட் வித் எ ஸோம்பி' (1943), 'அவுட் ஆஃப் தி பாஸ்ட்' (1947) மூன்றும் ஆர்.கே.ஓ. என்ற ஹாலிவுட் ஸ்டுடியோவின் படங்கள், மூன்றுக்கும் ஜாக் டூர்னர் இயக்குநர், மூன்றிலும் தெரசா ஹாரிஸ் இருக்கிறார். டைட்டிலில் பெயர் வருவது நடுவில் உள்ள படத்தில் மட்டும். சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் படங்களை வரிசையாகப் பார்த்தவர்களுக்கு இது புதிதல்ல; ஸ்டுடியோவுக்குள் அதே முகங்கள் சுற்றிச் சுற்றி வரும். ஆக, ஒரு படத்தில் ஆள் கிடைத்தால் அதே இயக்குநரின் அடுத்த நாலைந்து படங்களைப் போட்டுப் பாருங்கள்.

பார்க்கும்போது வசனத்தைக் கவனிக்கவேண்டும். 'அவுட் ஆஃப் தி பாஸ்ட்'டில் அவர் யூனிஸ். ஓடிப்போன எஜமானியைத் தேடிவரும் துப்பறிவாளரிடம், அம்மா ஃப்ளோரிடா போய்விட்டார் என்கிறார். பேச்சுவாக்கில் தடுப்பூசி போட்டுக்கொண்டதும் வெளியே வந்துவிடுகிறது. ஃப்ளோரிடாவுக்கு ஊசி எதற்கு, மெக்ஸிகோவுக்குத்தான் வேண்டும் என்று துப்பறிவாளராக வரும் ராபர்ட் மிட்சம் கணக்குப் போடுகிறார். கதையே அங்கேதான் திரும்புகிறது. நோட்டில் வெறுமனே 'வேலைக்காரி' என்று எழுதிப் போய்விட்டால் இதெல்லாம் காணாமல் போகும்.

நிமிடக் கணக்கில் ஒரு சிக்கல் உண்டு. சினிமா நொடிக்கு 24 ஃபிரேம். ஐரோப்பிய டிவிடிக்களில் 25 ஆக ஓடும். 100 நிமிடப் படம் 96-இல் முடிந்துவிடும். நீங்கள் குறித்த 50-ஆவது நிமிடம் இன்னொருவர் பிரதியில் 48 ஆக இருக்கும். படத்தின் மொத்த நீளத்தையும் பக்கத்தில் எழுதினால் தீர்ந்தது. 'பேபி ஃபேஸ்' (1933) போல இரண்டு வடிவம் உள்ள படம் என்றால் எது என்றும் சொல்லுங்கள். தணிக்கைக்கு முந்தைய வடிவம் 2004-இல்தான் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தில் கிடைத்தது. அது ஐந்து நிமிடம் அதிகம்.

இணையத்தில் ஐ.எம்.டி.பி. என்ற சினிமாத் தகவல் தளத்தின் பட்டியலைத் தேடலின் தொடக்கமாக மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். யார் வேண்டுமானாலும் அதில் தகவல் சேர்க்க விண்ணப்பிக்கலாம். அதை அமெரிக்கத் திரைப்படக் கழகத்தின் படப் பட்டியலான ஏ.எஃப்.ஐ. கேட்டலாகோடு ஒப்பிடுங்கள். பிறகு அந்தக் காலத்துச் சினிமாப் பத்திரிகைகளை 'லான்டர்ன்' தளத்தில் தேடுங்கள், இரண்டுமே இலவசம். இங்கே தடுக்கி விழும் இடம், ஸ்கேன் செய்த பக்கத்திலிருந்து கணினி படித்தெடுத்த எழுத்து. மங்கிய அச்சில் ஓர் எழுத்து மாறினாலும் பெயர் சிக்காது. 'தெரசா'வை ஹெச் இல்லாமலும் தேடுங்கள், குடும்பப் பெயரோடு படப்பெயரைச் சேர்த்தும் தேடுங்கள். கறுப்பின நடிகர்களைப் பெரிய பத்திரிகைகள் பலசமயம் கண்டுகொள்ளவில்லை. லாஸ் ஏஞ்சலிஸின் கறுப்பினப் பத்திரிகையான 'கலிஃபோர்னியா ஈகிள்' இதழ்களை இன்டர்நெட் ஆர்க்கைவ் என்ற இணையக் காப்பகத்தில் புரட்டினால் கைநிறையக் கிடைக்கும்.

'இந்தப் படத்தில் ஒப்பந்தம்' என்ற செய்தி ஆதாரம் ஆகாது. ஒப்பந்தமானபின் காட்சி வெட்டப்பட்டிருக்கலாம், வேறொருவர் நடித்திருக்கலாம். கண்ணால் பார்த்ததை 'பார்த்தது' என்றும், அக்காலப் பத்திரிகை இரண்டில் வந்ததை 'அச்சில்' என்றும், மற்றதை 'சந்தேகம்' என்றும் குறியுங்கள். சந்தேகம் தாளில் ஏறக்கூடாது, நோட்டிலேயே இருக்கட்டும்.

வயது, முகவரி வேண்டுமென்றால் அமெரிக்க மக்கள்தொகைக் கணக்கெடுப்பு உண்டு. 72 ஆண்டு கழித்துத்தான் திறப்பார்கள். 1950-ஆம் ஆண்டுத் தாள்கள் 2022 ஏப்ரல் 1 முதல் பொதுப் பார்வையில் உள்ளன. அதே பெயரில் பலர் இருப்பார்கள், தொழில் கட்டத்தையும் பார்த்தே எடுங்கள்.

தாளில் கடைசியாக, டைட்டிலில் பெயர் இல்லாத படத்துக்கு நேரே ஓர் உடுக்குறி (*) போட்டு, அது என்னவென்று அடியில் ஒரு வரி எழுதிவிடுங்கள். இல்லாவிட்டால் படம் ஓடும்போது டைட்டிலில் பெயரைக் காணாமல், தாள்தான் தப்பு என்பார்கள்.