காயோஸ்: மாட்ரிட் குடல் கறியை நம் மண்சட்டியில் வைக்கும் முறை

முதலில் கல்பாசி, சோம்பு, பட்டை மூன்றையும் தள்ளி வையுங்கள். காரைக்குடியில் சமைத்துப் பழகிய கை தானாக அங்கேதான் போகும், ஆனால் போட்டால் அது நம் குடல் குழம்பாகிவிடும். காயோஸ் வேறு ருசி. 1839-இல் தொடங்கிய லார்டி உணவகம் மாட்ரிட்டில் இதற்குப் பேர்போனது.

அங்கே மாட்டுக் குடலும் காலும் போடுவார்கள், நான் ஆட்டுக் குடல் 1 கிலோ, வாட்டிச் சுத்தம் செய்த கால் 4 எடுப்பேன். குடலை வெந்நீரில் முக்கி, கத்தியின் பின்புறத்தால் கறுப்புத் தோல் போகும்வரை சுரண்டி, கல் உப்பும் மஞ்சளும் போட்டுத் தேய்த்து நாலைந்து தண்ணீரில் அலசுங்கள். அப்புறம் பத்து நிமிடம் கொதிக்கவிட்டு அந்தத் தண்ணீரைக் கொட்டிவிடுங்கள். வாடை அதோடு போய்விடும்.

மண்சட்டியில் கால்கள், நாலு கிராம்பு குத்திய முழு வெங்காயம், இரண்டு பிரிஞ்சி இலை, பத்து மிளகு, மூழ்கும் அளவு தண்ணீர். ஒரு மணி நேரம் கழித்துக் குடலைப் போட்டு, இன்னும் இரண்டரை மணி நேரம், ஓரத்தில் மட்டும் ஒன்றிரண்டு குமிழி எழும்பும் தணலில் விடுங்கள். குக்கர் வேண்டாம், குடல் ஒன்று ரப்பராக நிற்கும், இல்லையென்றால் குழைந்துவிடும், பக்குவம் பார்த்து நிறுத்த முடியாது.

இன்னொரு சட்டியில் எண்ணெயில் ஒரு முழுப் பூண்டு, இரண்டு வெங்காயம், மூன்று தக்காளி வதக்கி, இறக்கி வைத்த பிறகு இரண்டு டீஸ்பூன் பிமெந்தோன் சேருங்கள். ஓக் விறகுப் புகையில் உலர்த்திய மிளகாய்த்தூள் அது, அடுப்பில் இருக்கும்போதே போட்டால் கருகிக் கசக்கும். கிடைக்காவிட்டால் காஷ்மீரி மிளகாய்த்தூள் போட்டு, கடைசியில் ஒரு கிண்ணத்தில் தணல் துண்டு வைத்து இரண்டு சொட்டு எண்ணெய் விட்டு, சட்டிக்குள் வைத்து ஐந்து நிமிடம் மூடுங்கள், புகை ஏறிவிடும்.

வதக்கியதைக் குடலில் கொட்டி, சொரீஸோ என்கிற பன்றிக்கறி சாசேஜ் கிடைத்தால் வட்டமாக நறுக்கிக் கடைசி அரை மணி நேரத்தில் போடுங்கள், கிடைக்காவிட்டால் விட்டுவிடலாம். அதில் உப்பு இருக்கும், அதனால் உப்பு கடைசியில்தான். மோர்சில்லா என்ற ரத்த சாசேஜும் அங்கே சேர்ப்பார்கள், ரத்தப் பொரியல் சாப்பிட்டு வளர்ந்த நமக்கு அது புதிதல்ல.

அன்றே சாப்பிடாதீர்கள். ஆறியதும் ஃபிரிஜ்ஜில் வைத்து மறுநாள் காலை கரண்டியால் தொட்டால் கறி அல்வாபோல் உறைந்திருக்க வேண்டும், காலில் இருந்து இறங்கிய பசை அது. உறையவில்லையென்றால் அடுத்த முறை இரண்டு கால் கூடப் போடுங்கள். சிறு தீயில் சூடு பண்ணி, தொட்டுக்கொள்ள இட்லியை விட மொறுமொறுப்பான ரொட்டியையே வையுங்கள், உதட்டில் ஒட்டும் அந்தச் சாற்றை அதுதான் நன்றாக இழுக்கும்.