வெட்டுகளை எண்ணாதீர்கள்: லியாவ் சிங்-சுங்கைப் படிக்கும்போது நேரும் தவறுகள்

தைவான் படங்களைப் பற்றிப் பேசும்போது படத்தொகுப்பாளரின் பெயர் அடிபடுவதே அபூர்வம். அடிபட்டாலும், “ஷாட்டுகள் இவ்வளவு நீளமாக இருந்தால் எடிட்டருக்கு என்ன வேலை?” என்ற கேள்விதான் வருகிறது. தைவான் படத்தொகுப்பாளர் லியாவ் சிங்-சுங்கின் தொழில் வாழ்க்கையை அறிய விரும்புகிறவர் முதலில் கைவிட வேண்டியது, ஒரு ஷாட்டிலிருந்து அடுத்ததற்குத் தாவும் வெட்டுகளை எண்ணும் இந்தக் கணக்கைத்தான்.

ஹோ சியாவ்-சியென் இயக்க, லியாவ் தொகுத்த ‘ஷாங்காய் மலர்கள்’ (1998) ஏறத்தாழ 2 மணி நேரம் ஓடுகிறது. 40 ஷாட்டுகள்கூட அதில் இல்லை. தொடக்கத்தில் எண்ணெய் விளக்கின் மஞ்சள் ஒளியில் ஆண்கள் மேசையைச் சுற்றி உட்கார்ந்து குடிக்கிறார்கள், அரட்டையடிக்கிறார்கள். கேமரா முகம் விட்டு முகம் மெல்ல நகர்கிறது. பல நிமிடங்களுக்கு வெட்டே இல்லை. பிறகு காட்சி இருளில் அமிழ, அடுத்தது இருளிலிருந்தே எழுகிறது. எப்போது இருட்ட வேண்டும்? சற்று முந்தினால் ஒருவரின் மௌனம் பாதியில் அறுந்துவிடும். பிந்தினால் அதுவே அலுப்பாகிவிடும். ஆயிரம் வெட்டுகளில் ஒன்று பிசகினால் யார் கண்ணிலும் படாது. நாற்பதுக்குள் ஒன்று பிசகினால் ஒளிய இடமில்லை.

அவரை ‘ஹோவின் எடிட்டர்’ என்று ஒதுக்குவதும் தவறு. என்னை அதிகம் வருத்துவது இதுதான். 1986இல் மட்டும் அவர் தொகுத்த இரண்டு படங்களைப் பாருங்கள். ஹோவின் ‘காற்றில் தூசு’, ரயில் சுரங்கப்பாதையின் இருட்டில் தொடங்குகிறது. தூரத்து ஒளிப்புள்ளி பெரிதாகிப் பெரிதாகிப் பச்சை மலையாக விரிகிறது. இன்னொரு தைவான் இயக்குநரான எட்வர்ட் யாங்கின் ‘பயங்கரவாதிகள்’ படமோ, முன்பின் அறியாத மனிதர்களை ஒரு குறும்புத் தொலைபேசி அழைப்பால் கோத்துவிடுகிறது. அதில் பல துண்டுகளாகச் சுவரில் ஒட்டிய ஒரு பெண்ணின் முகம் காற்றில் படபடக்கிறது. படத்தின் கட்டமைப்பே அந்தச் சுவர் போலத்தான். இரண்டும் ஒரே கையின் வேலை என்றால் நம்புவது கடினம்.

கதைத் தொடர்ச்சியை மட்டும் தேடுவதையும் தவிர்க்க வேண்டும். வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருது வென்ற, ஹோ இயக்கி லியாவ் தொகுத்த ‘துயர நகரம்’ (1989), தைவானில் அரசுக்கு எதிரான கிளர்ச்சி ரத்தக்களரியாக ஒடுக்கப்பட்ட 1947 பிப்ரவரி 28 சம்பவத்தின் காலத்தைச் சொல்கிறது. யார் யாருக்கு உறவு, எப்போது என்ன நடந்தது என்று முதல் பார்வையில் பலர் தடுமாறுவார்கள். நிகழ்ச்சிகளைவிட, இரண்டு காட்சிகளுக்கு அடியில் ஓடும் உணர்ச்சியையே ஹோவும் லியாவும் ஒட்ட வைத்தார்கள். சீன ஓவிய மரபில் உயிர்மூச்சின் அதிர்வைக் குறிக்கும் ‘ச்சி யுன்’ என்ற சொல்லால் லியாவ் இந்த முறையை அழைக்கிறார். அந்தப் படத்தில் மருத்துவமனை வாசல் ஒரே கோணத்தில் மீண்டும் மீண்டும் வருகிறது. வாசல் மாறுவதில்லை, அதன் வழியாக நுழைகிறவர்களின் நிலைமை மாறிக்கொண்டே போகிறது.