பழைய இசைக் காட்சிகளைத் தேடுவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பிரிட்டிஷ் இசைத் தொலைக்காட்சியில் திரைக்குப் பின்னால் இருந்து பழைய பதிவுகளைத் தேடி எடுத்து, அடையாளம் கண்டு, உரிமை வாங்கிக் கொடுக்கும் பணிக்குப் புதிதாக வருகிறவர்கள், ஒளிபரப்பானதெல்லாம் எங்கேயோ பத்திரமாக இருக்கும் என்ற நம்பிக்கையோடுதான் வருகிறார்கள். இதைவிடப் பெரிய தவறு இந்தத் தொழிலில் இல்லை. பிபிசியின் பாப் இசை நிகழ்ச்சியான ‘டாப் ஆஃப் த பாப்ஸ்’ 1964 ஜனவரி 1 அன்று, மான்செஸ்டரில் ஒரு பழைய தேவாலயத்தை மாற்றி அமைத்த ஸ்டுடியோவில் தொடங்கியது. 2 அங்குல அகல வீடியோ நாடா அக்காலத்தில் விலை மிகுந்ததாக இருந்ததால், ஒளிபரப்பு முடிந்ததும் அதை அழித்து, அதன்மேலேயே வேறு நிகழ்ச்சியைப் பதிவு செய்தார்கள். 1960களின் பகுதிகளில் மிகச் சிலவே மிஞ்சியிருக்கின்றன.

1973 ஜனவரியில் பிரிட்டிஷ் பாடகர் டேவிட் போவி அந்நிகழ்ச்சியில் ‘த ஜீன் ஜீனி’ பாடியபோது கேமராவை இயக்கிய ஜான் ஹென்ஷால், தாம் மீன்கண் லென்ஸில் (காட்சியை வளைத்து மிக அகலமாகக் காட்டும் லென்ஸ்) எடுத்த காட்சிக்காகத் தமக்கென்று ஒரு பிரதி எடுத்து வைத்துக்கொண்டார். பிபிசியின் நாடா அழிக்கப்பட்டதை அவர் அறியவில்லை. தம்மிடம் இருப்பதுதான் மிஞ்சிய பதிவு என்பது 2011இல்தான் அவருக்குத் தெரியவந்தது. ஆகவே, நூலகப் பட்டியலில் ‘இல்லை’ என்று கண்டதும் தேடலை நிறுத்திவிடாமல், அன்று வேலை செய்த கேமராக்காரர், ஒலிப்பதிவாளர், எடிட்டர் ஆகியோரிடமும் கேட்க வேண்டும். 1966இல் பீட்டில்ஸ் அதே நிகழ்ச்சியில் தோன்றியதில் 11 வினாடிகளாவது கிடைத்தன என்றால், யாரோ வீட்டிலிருந்து தொலைக்காட்சித் திரையை 8 மி.மீ. கேமராவில் படம்பிடித்து வைத்ததுதான் காரணம்.

பதிவான நாளையும் ஒளிபரப்பான நாளையும் குழப்புவது அடுத்த தவறு. அதே நிகழ்ச்சியில் போவி பாடிய ‘ஸ்டார்மேன்’ 1972 ஜூலை 5 அன்று பதிவாகி மறுநாள் ஒளிபரப்பானது. ஒரு நாள் வித்தியாசம்தானே என்று விட்டால், தவறான தேதி அடுத்தடுத்த ஆவணப்படங்களிலும் அப்படியே தொடரும்.

அகல உயர விகிதம் 4:3 ஆக உள்ள பழைய படத்தை அகலத்திரைக்காக 16:9 ஆக வெட்டுவதை என்னால் ஏற்கவே முடிவதில்லை. உயரத்தில் கால்பங்கு போய்விடுவதால், இடுப்பளவில் கிட்டாரைத் தாழ்த்திப் பிடித்திருப்பவரின் விரல்கள் படச்சட்டத்துக்கு வெளியே போகின்றன. நாம் தேடி எடுத்ததே அந்த விரல்களுக்காக. வினாடிக்கு 24 படச்சட்டங்கள் (ஃபிரேம்கள்) என்று எடுத்த பிலிமை பிரிட்டிஷ் தொலைக்காட்சியின் வேகமான 25இல் ஓடவிட்டுச் சுருதியைச் சரிசெய்யாமல் விட்டால், பாட்டு கேட்கும்போதே தெரியும் அளவுக்குச் சுருதி ஏறிவிடும்.

காட்சியை வைத்திருப்பவரிடம் அனுமதி வாங்கிவிட்டால் வேலை முடிந்தது என்றும் எண்ணக் கூடாது. இயற்றியவர், ஒலிப்பதிவின் உரிமையாளர், பாடி வாசித்தவர்கள் என்று ஒவ்வொருவர் உரிமையும் தனித்தனி. காட்சியின் உரிமையே கைமாறியிருக்கலாம்: தனியார் தொலைக்காட்சியான ஐடிவியில் 1963 முதல் 1966 வரை வந்த இசை நிகழ்ச்சி ‘ரெடி ஸ்டெடி கோ’வின் மிஞ்சிய பகுதிகளைப் பின்னாளில் இசைக்கலைஞர் டேவ் கிளார்க் வாங்கினார். எடிட் பூட்டப்படும் முன்பே, அதாவது இனி மாற்றமில்லை என்று படத்தொகுப்பு முடிவாகும் முன்பே, இவற்றை எழுத்தில் வாங்கி வைக்காதவர், ஒளிபரப்புக்கு முந்தின வாரம் படத்தின் நடுவிலிருந்து அந்தக் காட்சியை எடுத்துவிட்டு மாற்றுக் காட்சி தேட நேரிடும்.