ஒருவரின் வாழ்வை அருகிலிருந்து படமாக்குவது எப்படி?

ஒருவருடைய நோயையோ இழப்பையோ பிரிவையோ ஆவணப்படமாக்க முனைபவர், முதல் சில சந்திப்புகளுக்குக் கேமராவை எடுத்துச் செல்லாமலிருப்பது நல்லது. அவர் எந்த நேரத்தில் சோர்கிறார், யாருடைய பேச்சு எழுந்தால் மௌனமாகிறார், எந்த வேலையில் கை ஈடுபட்டிருக்கும்போது தன்னை மறந்து பேசுகிறார் என்பவற்றை அப்போதுதான் அறிய முடியும். எங்கே, எப்போது படம்பிடிப்பது என்ற திட்டத்தை அதன் பிறகே வகுக்க வேண்டும்.

ஒப்புதலை ஒரு கையெழுத்தோடு முடிந்துபோன காரியமாகக் கருதக் கூடாது. படம் எங்கெல்லாம் திரையிடப்படலாம், இணையத்தில் ஏறிய பின் அதைத் திரும்பப் பெறுவது எவ்வளவு கடினம் என்பதைத் தொடக்கத்திலேயே விளக்கிவிட்டு, ஒவ்வொரு நாளும் பதிவைத் தொடங்குமுன் மீண்டும் கேளுங்கள். "இன்று வேண்டாம்" என்றால், காரணம் கேட்காமல் கேமராவைப் பையில் வைத்துவிடுங்கள்.

கேமராவுக்கு ஒருவர், ஒலிக்கு ஒருவர் போதும். தொலைவில் நின்று ஜூம் செய்து முகத்தை எட்டிப் பிடிப்பதைவிட, 35 அல்லது 50 மி.மீ. லென்ஸை மாட்டிக்கொண்டு, ஏறத்தாழ ஒரு மீட்டர் தொலைவில், அவருடைய கண்மட்டத்தில் அமர்வதையே நான் விரும்புகிறேன். அவர் இடம் தந்தால்தான் அவ்வளவு அருகில் அமர முடியும். ஜூம் லென்ஸுக்கு அந்த அனுமதி தேவைப்படுவதில்லை. சட்டையில் மாட்டிய மைக்கை அவர் விரைவில் மறந்துவிடுவார். நீங்கள் மறக்கக் கூடாது, இடைவேளைகளில் அதை அணைத்துவிட வேண்டும். புறப்படுமுன் எவரும் பேசாத அறையின் ஒலியை 30 வினாடி பதிவு செய்துகொண்டால் படத்தொகுப்பில் உதவும்.

கேள்விகளில்தான் பலரும் சறுக்குகிறார்கள். "அப்போது எப்படி உணர்ந்தீர்கள்?" என்று கேட்டால், அவர் பிறரிடம் பலமுறை சொல்லிப் பழகிய பதிலே வரும். "அந்தச் செய்தி வந்தபோது என்ன செய்துகொண்டிருந்தீர்கள்?" என்று கேட்டால், அவர் அந்த அறையையும், பாதியில் விட்ட வேலையையும், கூட இருந்தவர் சொன்ன சொல்லையும் ஒவ்வொன்றாக நினைவிலிருந்து எடுக்கத் தொடங்குவார். பதில் முடிந்ததாகத் தோன்றியதும் அடுத்த கேள்விக்குத் தாவாமல், மனத்துக்குள் பத்து வரை எண்ணுங்கள். பெரும்பாலும் அந்த மௌனத்துக்குப் பின்னரே அவர் முக்கியமானதைச் சொல்கிறார். அவர் அழுதால் முகத்தை நோக்கி நகராதீர்கள், பதிவை நிறுத்தலாமா என்று கேளுங்கள். சரியாகப் பதிவாகவில்லை என்பதற்காக ஒரு துயரத்தை இரண்டாம் முறை சொல்லவைப்பதை என்னால் ஏற்க முடிவதில்லை.

1960இல் பாரிசில் 'ஒரு கோடையின் குறிப்பேடு' (Chronique d'un été) என்ற ஆவணப்படத்தைப் படம்பிடித்த பிரெஞ்சு இயக்குநர் ழான் ரூஷும் சமூகவியலாளர் எட்கார் மோரினும், அதில் பங்கேற்றவர்களுக்கே அக்காட்சிகளைத் திரையிட்டு, அவர்களுடைய கருத்துகளையும் படத்தில் சேர்த்தார்கள். நீங்களும் முதல் தொகுப்பை உரியவருக்குக் காட்டுங்கள். தகவல் பிழையையும், அவருக்கோ படத்தில் பேசப்படும் மற்றவருக்கோ தீங்கு விளைவிக்கக்கூடிய பகுதியையும் மறுபேச்சின்றி நீக்கிவிடலாம். தோற்றம் பற்றிய மனக்குறையென்றால் பேசிப் பார்க்கலாம். இறுதி முடிவு யாருடையது என்பதைப் படப்பிடிப்புக்கு முன்பே எழுதிக்கொள்வது இருவருக்கும் நல்லது. அந்த முதல் திரையிடலை அரங்கில் வைக்காமல், வேண்டிய இடத்தில் அவரே நிறுத்திக்கொள்ளும்படி, அவருக்குப் பழகிய அறையில், ஒரு மடிக்கணினியில் வையுங்கள்.