மக்ரூத்: ரவைக்குள் பேரீச்சை வைத்த துனிசியப் பலகாரம்

வட ஆப்பிரிக்காவில் ரமலானும் நோன்புப் பெருநாளும் வந்தால் வீட்டுக்கு வீடு மக்ரூத் வாசனைதான். மேலே ரவை, உள்ளே பேரீச்சை. எண்ணெயில் பொரித்துத் தேன்பாகில் முக்கி எடுத்த சாய்சதுரத் துண்டுகள். அல்ஜீரியா, லிபியா, மொராக்கோ எல்லா இடத்திலும் உண்டு. ஆனாலும் இதற்குப் பேர்போன ஊர் துனிசியாவின் கைரவான். அங்கே பழைய நகரத்துக் கடைகளில் தட்டுத் தட்டாகக் குவித்து வைத்திருப்பார்கள்.

பார்த்தால் பெரிய வேலை போலத் தெரியும். சூட்சுமம் எல்லாம் மாவில்தான் இருக்கிறது.

தேவையானவை (சுமார் 40 துண்டுகளுக்கு)

மாவுக்கு: ரவை 500 கிராம், உருக்கிய நெய் அல்லது ஆலிவ் எண்ணெய் 150 கிராம், உப்பு அரை டீஸ்பூன், சமையல் சோடா ஒரு சிட்டிகை, வெதுவெதுப்பான தண்ணீர் 150 முதல் 200 மில்லி.

பூரணத்துக்கு: கொட்டை நீக்கிய பேரீச்சை 300 கிராம், பட்டைப் பொடி ஒரு டீஸ்பூன், கிராம்புப் பொடி ஒரு சிட்டிகை, துருவிய ஆரஞ்சுத் தோல், ஆலிவ் எண்ணெய் ஒரு டேபிள்ஸ்பூன்.

பாகுக்கு: சர்க்கரை 500 கிராம், தண்ணீர் 250 மில்லி, அரை எலுமிச்சைச் சாறு, தேன் 3 டேபிள்ஸ்பூன், ஆரஞ்சுப் பூ நீர் ஒரு டேபிள்ஸ்பூன்.

துனிசியர்கள் பெரும்பாலும் ஆலிவ் எண்ணெய் சேர்ப்பார்கள், அல்ஜீரியர்கள் நெய். என் ஓட்டு நெய்க்குத்தான். அங்கே டியூரம் கோதுமை ரவை என்பதால் நிறம் மஞ்சளாக இருக்கும். நம் கடை ரவையில் ஒரு சிட்டிகை மஞ்சள்தூள் போட்டால் போதும். வறுத்த ரவை வேண்டாம். ஆரஞ்சுப் பூ நீர் கிடைக்காவிட்டால் கொஞ்சம் ரோஜாப் பன்னீர் விடலாம். மணம் வேறுதான், குறை சொல்ல முடியாது.

1. மாவு

ரவை, உப்பு, சோடாவைக் கலந்து நெய்யை ஊற்றுங்கள். இனி கரண்டிக்கு வேலையில்லை. ரவையை அள்ளி இரண்டு உள்ளங்கைகளுக்கு நடுவே தேய்த்துத் தேய்த்து உதிர்த்துவிடுங்கள். ஒவ்வொரு மணியிலும் நெய் ஏற வேண்டும். புட்டு மாவுப் பதம்தான்: பிடித்தால் பிடிபட வேண்டும், விரலால் தட்டினால் உதிர வேண்டும். மூடி 2 மணி நேரமாவது வையுங்கள். இரவு முழுக்க ஊறினால் இன்னும் நல்லது. நெய் இறுகியிருந்தால் மறுபடி தேய்த்து உதிர்த்துக்கொள்ளலாம்.

அப்புறம் தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தெளித்து, விரல்களால் மாவைக் கூட்டிச் சேர்த்தால் போதும். அழுத்திப் பிசையவே கூடாது. பிசைந்தால் மாவில் இழுவை வந்துவிடும், பொரித்தபின் கடிக்கக் கடினமாகும். ஒன்றாகத் திரண்டதும் நிறுத்திவிட்டு, மூடி 20 நிமிடம் விடுங்கள்.

2. பூரணம்

பேரீச்சை மிருதுவாக இருந்தால் அப்படியே கையால் மசிக்கலாம். காய்ந்த பழமானால் 10 நிமிடம் ஆவியில் வைத்து மசியுங்கள். தண்ணீரில் ஊற வைக்காதீர்கள். பூரணத்தில் ஈரம் மிஞ்சினால் பொரிக்கும்போது வெளியே வந்து எண்ணெயில் கருகும். மற்றதையெல்லாம் சேர்த்துப் பிசைந்து, சுண்டுவிரல் கனத்துக்கு நீளமாக உருட்டி வையுங்கள்.

3. பாகு

சர்க்கரை, தண்ணீர், எலுமிச்சைச் சாறு மூன்றையும் 10 நிமிடம் கொதிக்க விடுங்கள். விரலில் தொட்டால் பிசுபிசுக்க வேண்டும், அவ்வளவுதான். கம்பிப் பதத்துக்குப் போய்விட்டால் ஆறியதும் மேலே சர்க்கரை பூத்துவிடும். அடுப்பை அணைத்த பிறகு தேனும் பூ நீரும் சேருங்கள்.

4. உருட்டி வெட்டுவது

ஒரு கைப்பிடி மாவை எடுத்து நீளமாக உருட்டி, நடுவே விரலால் பள்ளம் இழுத்து, அதில் பூரணத்தை வைத்து இரு பக்க மாவாலும் மூடுங்கள். மூடிய பக்கம் அடியில் இருக்கும்படி திருப்பி, மெதுவாகத் தட்டி ஒன்றரை சென்டிமீட்டர் கனத்துக்குப் பரப்புங்கள். அங்கே கோலம் செதுக்கிய மர அச்சால் மேலே அழுத்துவார்கள். முள்கரண்டியால் கோடு போட்டாலும் அழகுதான். கத்தியைச் சாய்த்துப் பிடித்து சாய்சதுரமாக வெட்டுங்கள்.

மொத்த மாவையும் உருட்டுவதற்கு முன் ஒரு துண்டைப் பொரித்துப் பாருங்கள். எண்ணெயில் உதிர்ந்தால் மாவில் ஈரம் போதவில்லை. மீதி மாவில் இன்னும் கொஞ்சம் தண்ணீர் தெளித்துச் சேருங்கள்.

5. பொரிப்பது

மிதமான தீ, அதாவது 170 டிகிரி அளவு. வாணலியை நெருக்கியடித்து நிரப்பாதீர்கள். போட்டவுடன் கிளறவும் வேண்டாம். அடிப்பக்கம் இறுகியபின் திருப்பிவிட்டு, இருபுறமும் பொன்னிறமானதும் எடுத்து எண்ணெய் வடியுங்கள். சூடு ஆறுவதற்குள் வெதுவெதுப்பான பாகில் போட்டு ஒன்றிரண்டு நிமிடத்தில் எடுத்துவிடுங்கள். சல்லடையில் வைத்துப் பாகு வடிந்ததும், பிடித்தால் வறுத்த எள் தூவலாம்.

உடனே சாப்பிடுவதைவிட மறுநாள் சாப்பிட்டால் ருசி கூடும். பாகு உள்ளே இறங்கியிருக்கும். காற்றுப் புகாத டப்பாவில் இரண்டு வாரம் தாங்கும். எண்ணெய்ப் பலகாரம் வேண்டாம் என்பவர்கள் 180 டிகிரி அவனில் 25 முதல் 30 நிமிடம் சுட்டு, அதே பாகில் போட்டெடுக்கலாம். அல்ஜீரிய வீடுகளில் அப்படியும் செய்கிறார்கள்.