அரியலூர் கல்லுல சுருள் தெரிஞ்சா: அம்மோனைட்டை எப்படிப் பார்க்கிறது, எப்படி வகை பிரிக்கிறது

அரியலூர், பெரம்பலூர் பக்கம் போயிட்டு வர்றவங்க அனுப்புற போட்டோ எல்லாம் கிட்டத்தட்ட ஒரே மாதிரிதான் இருக்கும், உள்ளங்கையில ஒரு கல், அதுல பாதி சுருள், கீழ "இது என்னதுங்க, எவ்ளோ வருஷம் இருக்கும்?" அம்மோனைட்னு, அதாவது எப்பவோ அழிஞ்சு போன, சுருள் ஓட்டுக்குள்ள வாழ்ந்த, கணவாய்க்குச் சொந்தக்காரக் கடல் பிராணின்னு சொல்லிடலாம், கோடிக்கணக்கான வருஷம்னும் சொல்லிடலாம், அதுக்கு மேல ஒண்ணும் சொல்ல முடியாது, ஏன்னா எங்க எடுத்தது, எந்தப் பாறையில இருந்துச்சு, எவ்ளோ பெருசு, வெளிவிளிம்பு எப்படி இருக்குன்னு எதுவுமே அந்த போட்டோவுல இருக்காது. அதனால இதை முழுசா ஒரு தடவை எழுதிடுறேன். அம்மோனைட்டை வச்சு எழுதுறேன், அந்தப் பக்கம் அதுதான் வகைவகையா கிடைக்கும், ஆனா முறை மத்த ஃபாசிலுக்கும் (புதைபடிவத்துக்கும்) இதேதான்.

கல்லைக் கையில எடுக்கிறதுக்கு முன்னாடி காலுக்குக் கீழ என்ன பாறைன்னு பாருங்க. திருச்சிக்கு வடக்க ஆரம்பிச்சு அரியலூர் தாண்டிப் போற இந்த இடம் பெரும்பாலும் கிரெட்டேஷியஸ் காலத்துக் கடல், அதாவது 14.5 கோடியில இருந்து 6.6 கோடி வருஷம் முன்னாடி வரைக்கும் போற காலம், அதுல நம்ம ஊர்ல பின்பாதி நல்லா பதிவாகியிருக்கு. 1860-கள்ல பிளான்ஃபோர்ட்னு ஒரு புவியியல்காரர் இதை மேப் பண்ணி கீழ இருந்து மேல ஊட்டத்தூர், திருச்சிராப்பள்ளி, அரியலூர்னு மூணு குழுவா பிரிச்சார். இன்னைக்கு அதுக்குள்ளயே சின்னச் சின்ன அடுக்கா பிரிச்சு வச்சிருக்காங்க. தோராயமா, மேற்க இருந்து கிழக்க போகப்போக வயசு குறையும். காரை பக்கம் ஜிப்சம் நரம்பு ஓடுற களிமண் மேடு பழசு, கருடமங்கலம் அதுக்கு அடுத்தது, அப்புறம் சில்லக்குடி மணற்கல், சிமெண்ட் குவாரிகள்ல வெட்டுற கல்லங்குறிச்சி சுண்ணாம்புக்கல் அதுக்கும் மேல, கல்லமேடு டைனோசர் காலத்தோட கடைசிப் பகுதி, நிணியூர் டைனோசரும் அம்மோனைட்டும் அழிஞ்சதுக்கு அப்புறம் படிஞ்சது. இந்த வரிசையை மனசுல வச்சுக்கிட்டாலே பாதி வேலை முடிஞ்சுது. ஒருத்தர் நிணியூர் சுண்ணாம்புக்கல்லுல அம்மோனைட் கிடைச்சுதுன்னு சொன்னா உடனே சந்தேகப்படணும், ஒண்ணு அது நாட்டிலாய்டா (அம்மோனைட்டுக்குச் சொந்தக்கார, அதே மாதிரி சுருள் ஓடு உள்ள பிராணி) இருக்கும், இல்ல வேற இடத்துக் கல் லாரியில வந்து விழுந்திருக்கும். இந்த விஷயத்துக்கு பின்னாடி திரும்ப வர்றேன்.

ஓடையில உருண்டு கிடக்கிற கல்லும் பாறையில பதிஞ்சு இருக்கிற கல்லும் ஒண்ணு கிடையாது. பதிஞ்சு இருந்தா அந்த அடுக்கு எதுன்னு சொல்லலாம், உருண்டு கிடந்தா மேட்டுக்கு மேல எங்க இருந்தோ வந்ததுன்னு மட்டும்தான் சொல்லலாம். ரெண்டுல எதுன்னு நோட்டுல கண்டிப்பா எழுதுங்க. போன்ல ஜிபிஎஸ் எடுத்து எண்ணை எழுதிக்கங்க, பக்கத்துல ஸ்கேல் வச்சு கல்லை எடுக்காம ஒரு போட்டோ, கொஞ்சம் தள்ளி நின்னு அந்த மேடு முழுக்க தெரியற மாதிரி ஒரு போட்டோ. பாறை களியா, மணலா, சுண்ணாம்பா, நிறம் என்ன, கூட வேற என்ன சிப்பி இருக்கு, இதெல்லாம் அங்க நின்னுக்கிட்டே எழுதணும், வீட்டுக்கு வந்து ஞாபகத்துல இருந்து எழுதறது வேலைக்கு ஆகாது. என்னைக் கேட்டா லேபிள் இல்லாத அழகான அம்மோனைட்டை விட லேபிள் இருக்கிற உடைஞ்ச துண்டுக்குத்தான் மதிப்பு ஜாஸ்தி.

எடுக்கலாமான்னு ஒரு கேள்வி இருக்கு. குவாரி எல்லாம் லீஸ் நிலம், அனுமதி இல்லாம உள்ள போகக்கூடாது, பக்கச்சுவர் சரிஞ்சு விழும்கிறதையும் மறக்காதீங்க. காரை–குளக்காநத்தம் பக்கத்து மேடுகள் இந்திய புவியியல் ஆய்வுத் துறையோட புவிமரபு இடங்கள் லிஸ்ட்ல இருக்கு, சாத்தனூர் கல்மரம் வேலி போட்ட தேசிய சின்னம். அங்கெல்லாம் போட்டோவும் அளவும் மட்டும் போதும், சுத்தியை வண்டியிலயே விட்டுட்டுப் போங்க. படிக்கிறதுக்கு கல் வீட்டுக்கு வந்தே ஆகணும்னு எந்தக் கட்டாயமும் இல்ல.

அடுத்தது, இது ஃபாசில்தானா? 2020-ல பெரம்பலூர் மாவட்டம் குன்னம் பக்கம் குளத்துல மண்ணு எடுத்தப்ப உருண்டை உருண்டையா கல் கிடைச்சு, டைனோசர் முட்டைன்னு வாட்ஸ்அப் ஃபுல்லா ஓடுச்சு. நேர்ல போய்ப் பார்த்த புவியியல்காரங்க அது முட்டை இல்ல, அம்மோனைட்டைச் சுத்தி வண்டல் இறுகி உருண்டதுன்னு சொல்லிட்டாங்க. இந்த மாதிரி உருண்டைக் கல் அந்தப் பக்கம் நிறைய. உள்ள மாட்டின பிராணியோட சதை அழுகும்போது சுத்தி இருக்கிற மண்ணுல தாது படிஞ்சு இறுகிடும், அவ்ளோதான். முட்டைன்னு சொல்லணும்னா ஓடு இருக்கணும், ஒரே தடிமன்ல, லென்ஸ்ல பார்த்தா மேற்பரப்புல ஒரு ஒழுங்கு தெரியணும், உடைஞ்ச இடத்துல ஓட்டுக்கும் உள்ள இருக்கிற மண்ணுக்கும் தெளிவா ஒரு எல்லை இருக்கணும். வெங்காயம் மாதிரி அடுக்கடுக்கா உரிஞ்சா அது வெறும் உருண்டைக் கல்தான். ஜிப்சம் படிகத்தையும் பல்லு, எலும்புன்னு நினைக்கிறவங்க உண்டு, நகத்தால கீறிப் பாருங்க, கோடு விழுந்தா ஜிப்சம்.

சுத்தம் பண்றதுல அவசரம் வேண்டாம். களிமண்ல வந்ததுன்னா தண்ணியில ஊறப்போடாதீங்க, சிலது அப்படியே பொடிஞ்சு போயிடும், முதல்ல காய விட்டு பழைய டூத்பிரஷ், மூங்கில் குச்சி. ஆசிட் ஊத்தினா பளிச்னு வரும்னு யாராவது சொன்னா கேக்காதீங்க, சுண்ணாம்பு ஓடும் சுண்ணாம்புக்கல்லும் ரெண்டும் ஆசிட்ல கரையும், கல்லோட சேர்ந்து ஃபாசிலும் போயிடும். ஒட்டணும்னா பேரலாய்ட் பி-72-ன்னு ஒரு பிசின், அசிட்டோன்ல கரைச்சது, மியூசியங்கள்ல அதுதான் பழக்கம், தேவைப்பட்டா திரும்ப கரைச்சு எடுத்துடலாம். கடையில கிடைக்கிற க்விக் பசையும் வார்னிஷும் போட்டா அப்புறம் யாராலயும் அந்த மேற்பரப்பைப் பார்க்க முடியாது. வார்னிஷ் அடிச்ச அம்மோனைட்டைப் பார்த்தாலே எனக்கு எரிச்சல் வரும்.

இப்ப வகை பிரிக்கிறது. முதல்ல பெரிய குழு. ரெண்டு ஓடு இருந்தா சிப்பி இனமா, இல்ல பிராக்கியோபாடான்னு (ரெண்டு ஓடு இருந்தும் சிப்பி இனத்துல சேராத வேற கடல் பிராணி) பாக்கணும்: ஒரே ஓட்டை நடுவுல வெட்டினா ரெண்டு பக்கமும் சமமா வந்தா பிராக்கியோபாட், ஓட்டுக்கும் ஓட்டுக்கும் நடுவுல சமம்னா சிப்பி. கல்லங்குறிச்சியில குவியலா கிடைக்கிற கிரிஃபியா சிப்பி ரெண்டு விதியையும் மீறும், ஒரு ஓடு குழிஞ்சு பெருசா, இன்னொண்ணு மூடியா இருக்கும், அதைப் பார்த்து குழம்ப வேண்டாம். காரை களியில ஒரு பக்கம் கூரா, உருளையா, பழுப்பு நிறத்துல துண்டு துண்டா கிடக்கிறது பெலம்னைட், அதாவது அழிஞ்சு போன கணவாய் மாதிரி ஒரு பிராணியோட உள் ஓடு, உடைஞ்ச முகத்துல நடுவுல இருந்து வெளிப்பக்கம் கால்சைட் இழை இழையா ஓடும், அது தெரிஞ்சா சந்தேகமே இல்ல. காரையில சுறாப் பல்லும், இக்தியோசர்னு கடல் ஊர்வன ஒண்ணோட பல்லும்கூட பதிவாகியிருக்கு, அதுக்கு களியை சலிச்சுப் பாக்கணும்.

சுருள் வந்தா மூணு வாய்ப்பு. நத்தை, நாட்டிலாய்ட், அம்மோனைட். நத்தைக்கு உள்ள தடுப்புச் சுவர் வரிசை இருக்காது, அநேகமா ஒரு பக்கமா முறுக்கி ஏறும். மத்த ரெண்டுலயும் அறை அறையா இருக்கும், பிராணி வளர வளர முன்னாடி நகர்ந்து பின்னாடி ஒரு சுவர் எழுப்பிக்கும். அந்தச் சுவர் வெளி ஓட்டைத் தொடுற இடத்துல ஒரு கோடு விழும், அதுக்குப் பேரு சூச்சர். அம்மோனைட் படிப்பு முக்கால்வாசி இந்தக் கோட்டுலதான் இருக்கு. வெளி ஓடு முழுசா இருந்தா இது தெரியாது, ஓடு உரிஞ்சு உள்ள இறுகின மண் வார்ப்பு மட்டும் இருந்தாத்தான் தெரியும், அதனால "ஓடு போயிடுச்சே"ன்னு வருத்தப்படாதீங்க, நமக்கு அதுதான் வசதி. நாட்டிலாய்டுல கோடு நேரா இல்ல லேசா வளைஞ்சு போகும். கிரெட்டேஷியஸ் அம்மோனைட் பெரும்பாலானதுல நெளிஞ்சு, நெளிவுக்குள்ள நெளிஞ்சு, ஓரமெல்லாம் பிசிறு பிசிறா இருக்கும். இன்னொரு அடையாளம் அறைகளை இணைக்கிற குழாய், சைஃபங்கிள். அம்மோனைட்ல கிட்டத்தட்ட எப்பவும் வெளி விளிம்பை ஒட்டி ஓடும், நாட்டிலாய்டுல சுவர் நடுப்பக்கமா இருக்கும்.

இங்கதான் நிணியூர் விஷயம். அங்க ஹெர்கோகிளாசான்னு ஒரு நாட்டிலாய்ட் உண்டு, அதோட சூச்சர் நல்லாவே அலை அலையா வளையும், புதுசா பாக்கிறவங்க அம்மோனைட்னு எழுதிடுவாங்க. அலை இருக்கும், ஆனா பிசிறு இருக்காது, குழாயும் வெளி விளிம்புல இருக்காது. ரெண்டையும் பார்த்துட்டு முடிவு பண்ணுங்க, ஒரே ஒரு அடையாளத்தை வச்சு குழுவை முடிவு பண்றது நல்ல பழக்கம் இல்ல.

அம்மோனைட்னு உறுதியானதும் வெர்னியர் அளவுகோலை எடுங்க. மொத்த விட்டம், சுருளுக்கு நடுவுல இருக்கிற குழியோட அகலம், கடைசிச் சுற்றோட உயரம், அதோட தடிமன். நடுக்குழி அகலத்தை விட்டத்தால வகுத்தா சுருள் எவ்ளோ திறந்திருக்குன்னு வரும், உள் சுற்றெல்லாம் வெளிய தெரிஞ்சா அந்த எண் பெருசா இருக்கும், கடைசிச் சுற்று மத்ததை மூடியிருந்தா சின்னதா இருக்கும். இந்த எண் வளர வளர மாறும், அதனால எந்த விட்டத்துல அளந்ததுன்னு கூடவே எழுதலைன்னா பிரயோஜனம் இல்ல. அப்புறம் விலா மாதிரி ஓடுற வரிகளை அரைச் சுற்றுக்கு எத்தனைன்னு எண்ணுங்க, நேரா போகுதா வளையுதா, நடுவுல ரெண்டா பிரியுதா, மேல முண்டு இருக்கா, எத்தனை வரிசை, வெளிவிளிம்பு உருண்டையா தட்டையா இல்ல நடுவுல கத்தி மாதிரி மேடு ஓடுதா. கடைசியா சூச்சர் எது வரைக்கும் தெரியுதுன்னு பாருங்க. உடைஞ்ச விளிம்பு வரைக்கும் சூச்சர் இருந்துச்சுன்னா பிராணி குடியிருந்த கடைசி அறை மொத்தமா போயிடுச்சுன்னு அர்த்தம், அந்த அறை மட்டுமே அரைச் சுற்றுல இருந்து ஒரு சுற்றுக்கு மேல வரைக்கும் இருக்கலாம், அப்ப உயிரோட இருந்தப்ப நீங்க அளந்ததை விட நல்லாவே பெருசு.

சுருளாத அம்மோனைட்டும் உண்டு. டர்ரிலைட்டஸ் மேல் நோக்கி முறுக்கி ஏறும், நத்தைன்னே நினைப்பீங்க, பேக்குலைட்டஸ் ஆரம்பத்துல துளி சுருண்டுட்டு அப்புறம் நேர் குச்சி. சூச்சர் மட்டும் பொய் சொல்லாது.

போட்டோ எடுக்கிறதுக்கு ஒரு வழக்கம் இருக்கு, வெளிச்சம் இடது மேல் மூலையில இருந்து வரணும், உலகம் முழுக்க ஆராய்ச்சிப் படங்கள் அப்படித்தான், அப்பதான் மேடு எது பள்ளம் எதுன்னு பாக்கிறவங்களுக்கு குழப்பம் வராது. பக்கவாட்டு, வெளிவிளிம்பு, வாய்ப்பக்கம், மூணும் வேணும், ஸ்கேலோட.

பேர் வைக்கிறதுக்கு வருவோம். 1846-ல எட்வர்ட் ஃபோர்ப்ஸ்ங்கிற இயற்கை ஆராய்ச்சியாளர், கேயும் கன்லிஃபும் பாண்டிச்சேரி, விருத்தாசலம், திருச்சி பக்கம் சேகரிச்ச ஃபாசில்களை லண்டன்ல வச்சு விவரிச்சார். 1865-ல ஸ்டோலிச்காங்கிற புவியியல்காரர் அம்மோனைட்டுகளைப் பத்தி பெரிய தொகுதியே எழுதினார், 1890-கள்ல கோஸ்மாட்னு இன்னொரு புவியியல்காரர் எல்லாத்தையும் திரும்ப அலசினார். ஃபோர்ப்ஸ், ஸ்டோலிச்கா காலத்துல சுருண்ட அம்மோனைட் பெரும்பாலும் அம்மோனைட்டஸ்ங்கிற ஒரே பேரினம், அதுக்குள்ள இனப்பேர் மட்டும் மாறும். இன்னைக்கு அது நூத்துக்கணக்கான பேரினமா பிரிஞ்சு போச்சு. ஸ்டோலிச்கா அரியலூர் பேர்ல வச்ச இனம் இப்ப அனாபேக்கிடிஸ்கஸ்ங்கிற பேரினத்துல இருக்கு, அதனாலதான் புத்தகத்துல அவர் பேரும் 1865-ம் அடைப்புக்குறிக்குள்ள இருக்கும். அடைப்புக்குறி இருந்தா பேரினம் பின்னாடி மாறியிருக்குன்னு புரிஞ்சுக்கணும். கோஸ்மாட் பேர்லயே கோஸ்மாட்டிசெரஸ்னு ஒரு பேரினமும் இருக்கு.

நீங்க செய்ய வேண்டியது, பழைய படங்களோட ஒப்பிட்டு எது வரைக்கும் உறுதியா சொல்ல முடியுமோ அங்கேயே நிக்கிறது. குடும்பம் மட்டும் தெரிஞ்சா குடும்பம். பேரினம் தெரிஞ்சு இனம் தெரியலைன்னா பேரினம் எழுதி "எஸ்பி" (sp.). ஒரு இனமாத்தான் இருக்கும், ஆனா துண்டு சரியில்ல, உறுதியா சொல்ல முடியலைன்னா "சிஎஃப்" (cf.) போடுங்க. நெருங்கின சொந்தம், ஆனா வேற இனம்னு தோணினா "ஏஎஃப்எஃப்" (aff.). முழுப் பேர் எழுதினாத்தான் கெத்துன்னு நினைக்காதீங்க, தெரிஞ்சவங்க கண்ணுக்கு "சிஎஃப்" போட்ட லேபிள்தான் நம்பகமா தெரியும். சைஸ் வேறயா இருந்தா வேற இனம்னும் முடிவு கட்டாதீங்க, நிறைய அம்மோனைட்ல பெருசு ஒண்ணு சிறுசு ஒண்ணுன்னு ரெண்டு வடிவம் இருக்கு, பெருசு பெண், சிறுசு ஆண்னு இப்ப பொதுவா எடுத்துக்கிறாங்க, முன்னாடி ரெண்டுக்கும் தனித்தனி பேர் வச்சிருந்தாங்க.

எலும்பு கிடைச்சா மட்டும் இந்தப் பொறுமையெல்லாம் ரெண்டு மடங்கு வேணும், கையும் வைக்காதீங்க. கல்லமேட்டுல கிடைச்ச புருகத்காயோசாரஸ்ங்கிற டைனோசர் கதையைப் பாருங்க. 1980-கள் கடைசியில யாதகிரி, அய்யாசாமின்னு ரெண்டு புவியியல்காரங்க பேர் வச்சாங்க, கால் எலும்பு ஒண்ணே ரெண்டு மீட்டர்னு பதிவு, முதல்ல மாமிசம் தின்னி டைனோசர்னு எழுதினாங்க, அப்புறம் மத்தவங்க பார்த்துட்டு நீளக்கழுத்து சைவ டைனோசரா இருக்கும்னாங்க, சிலர் எலும்பே இல்ல, கல்மரமா இருக்கும்னுகூட கேட்டாங்க. எலும்பு ஈரத்துல நொறுங்கிப் போயிடுச்சு, வெளியில இருந்தது கோட்டுப்படம் மட்டும், அதனால பல வருஷம் யாராலயும் சரி தப்பு சொல்ல முடியல. 2022-ல பழைய போட்டோக்கள் வெளிவந்த பிறகுதான் அது நிஜ எலும்புதான்னு பேச்சு கொஞ்சம் வலுவாச்சு. உலகத்துலயே பெரிய தரைவிலங்குகள்ல ஒண்ணா இருக்கலாம்னு சொல்ற ஒரு பிராணியே போட்டோவை நம்பித்தான் நிக்குது. அதனால எலும்பு தெரிஞ்சா போட்டோ, ஜிபிஎஸ், மேல ஒரு சாக்கு போட்டு மூடிட்டு, பக்கத்துல புவியியல் துறை இருக்கிற காலேஜுக்கோ புவியியல் ஆய்வுத் துறைக்கோ போன் போடுங்க.

அனுமதியோட எடுத்த கல்லுக்கு, கண்ணுல படாத ஒரு ஓரத்துல சின்னதா வெள்ளை பெயிண்ட் வச்சு அது மேல இங்க்ல எண் எழுதுங்க, அதே எண் நோட்டுல, அதே எண் டப்பா மேல. காகித லேபிளை மட்டும் நம்பினா கரையானும் பூச்சியும் பார்த்துக்கும். ஒப்பிட்டுப் பாக்கணும்னா அரியலூர் பக்கத்துல வாரணவாசி அருங்காட்சியகத்துக்கு உங்க போட்டோவையும் அளவுகளையும் எடுத்துட்டுப் போங்க, சூச்சரையும் வரிகளையும் ஒண்ணொண்ணா ஒத்துப் பாத்துட்டு லேபிள்ல பென்சில்ல பேரை எழுதுங்க, எழுதினவர் பேரும் தேதியும் சேர்த்து, நாளைக்கு வேற ஒருத்தர் திருத்தினா பழைய லேபிளைத் தூக்கிப் போடாம கூடவே வச்சிருக்கணும்.